ஓரியும் நானும் ஒரு பலா மரமும்

வேலையிலிருந்து ஓய்வு பெற்றால் கொல்லிமலையில் அக்கடா என்று கிடக்க வேண்டும் என்று நாமக்கல்லில் எல்லோரும் சொல்வார்கள். சொன்னவர் யாரும் வரவில்லை. கேட்டுக்கொண்டிருந்த நான் வந்துவிட்டேன். செம்மேட்டுக்கு அப்பால் தோட்டத்தோடு ஓர் ஓட்டு வீட்டைக் குத்தகைக்குப் பிடித்தாயிற்று. "உங்க தவத்துக்கு நான் எதுக்குங்க?" என்று கேட்டபடியே மனைவியும் மூட்டை கட்டினாள்.

தோட்டத்தில் சில்வர் ஓக் மரங்கள், அவற்றைத் தழுவிய மிளகுக்கொடிகள். தை, மாசியில் ஒற்றை மூங்கில் ஏணியில் ஏறிப் பறிக்க வேண்டும். என்னைவிட மூத்த பக்கத்துத் தோட்டத்துப் பெரியவர் வெற்றிலையை மென்றுகொண்டே உச்சிக்குப் போய்விடுவார். முதலாளியான நான் கீழே சாக்குப் பிடிப்பேன். மூன்று கிலோ பச்சை மிளகு காய்ந்தால் ஒரு கிலோ தேறும். எங்கள் விளைச்சல் மனைவி வைக்கும் ரசத்துக்குச் சரியாகிவிடுகிறது.

போன் பேசவும் பாறை ஏற வேண்டும், அங்கேதான் சிக்னல். "அப்பா, இப்படி மூச்சு வாங்குதே, டாக்டரைப் பாருங்க" என்கிறான் மகன். போனுக்காக ஏறியதால்தான் இரைக்கிறது என்றால் நம்பினால்தானே!

இதெல்லாம் கூடப் பரவாயில்லை. குரங்குகள்தான் சங்கடம். பலா எப்போது பழுக்கும் என்பது எனக்குத் தெரியாது, அவற்றுக்குத் தெரியும். ஆடி 17, 18 தேதிகளில் வல்வில் ஓரிக்கு அரசு விழா எடுத்து வில்வித்தைப் போட்டியும் வைப்பார்கள். ஒரே அம்பில் யானை, புலி, மான், பன்றி, உடும்பு என ஐந்தை வீழ்த்தியவனுடைய மலையல்லவா? பார்த்துவிட்டு வந்த வேகத்தில் நானும் ஓர் உண்டிவில் செய்தேன்.

கல் குரங்கின் பக்கமே போகவில்லை. கூரை ஓட்டைத் துளைத்து, பரண்மேல் இருந்த ஊறுகாய்ச் சாடியைச் சாய்த்து, கீழே உலையில் போய் விழுந்தது. ஓரிக்கு ஐந்து என்றால் எனக்கு மூன்று. இந்த வயதுக்கு மோசமில்லை.

"ஏனுங்க, குரங்கு மரத்துல இருக்குதுங்களா, சோத்துல இருக்குதுங்களா?" என்று உள்ளிருந்து குரல் வந்தது. ஓரியை வன்பரணர் பாடினார், என்னை என் மனைவி பாடினாள். அவர் பாட்டு புறநானூற்றில் 153-ஆம் பாட்டோடு முடிந்தது. இவள் பாட்டு இன்னும் முடிந்தபாடில்லை. குரங்குகள் கொட்டையைத் துப்பியபடி முழுவதையும் கேட்டன.

நீங்களும் ஒருமுறை வாருங்கள். காரவள்ளியில் பரோட்டா மட்டும் வேண்டாம். அதற்கு மேல் 70 கொண்டை ஊசி வளைவுகள். வரும்போது சிரமம் பார்க்காமல் பத்து நாட்டு ஓடுகளும் எடுத்து வாருங்கள். மழைக்காலம் நெருங்குகிறது.