க்ளெய்ம் அண்ணா

எடிசனோ ஃப்ரீமான்டோ டல்லஸுக்குப் பக்கத்து இர்விங்கோ, அமெரிக்காவில் தமிழர்கள் சேர்ந்து வசிக்கும் ஊர் என்றால் அங்கே சில ஆட்கள் தவறாமல் இருப்பார்கள். பொங்கல் விழாவில் மைக்கை விடாதவர் ஒருவர். காஸ்ட்கோவில் இந்த வாரம் எது மலிவு என்று சொல்பவர் ஒருவர். யார் கையிலிருந்தாவது போன் நழுவித் தரையில் ‘டப்’பென்று விழுந்தால், போன்காரர் குனிவதற்குள் “இன்சூரன்ஸ் போட்டிருக்கியா?” என்று கேட்பவர் ஒருவர். இந்த மூன்றாமவர்தான் க்ளெய்ம் அண்ணா.

சொந்தப் பெயர் ஒன்று உண்டு. அதை பாஸ்போர்ட்டில் மட்டும்தான் பார்க்கலாம். வயது நாற்பத்தைந்தைத் தொட்டிருக்கும், வேலை சாஃப்ட்வேர், க்ரீன் கார்டு வரிசையில் பத்து வருஷத்துக்கு மேல் நின்றவர். அந்த வரிசை மனிதருக்குப் பொறுமையைக் கற்றுக்கொடுத்ததோ இல்லையோ, எந்தக் காகிதத்தையும் கடைசி வரி வரை படிக்கக் கற்றுக்கொடுத்துவிட்டது. போன் கம்பெனி அனுப்பும் இன்சூரன்ஸ் விதிமுறைக் கையேட்டை அமெரிக்காவில் யாராவது முழுசாகப் படித்திருக்கிறார்களா என்று கேட்டால், இவரைக் கைகாட்டலாம். பென்சிலால் கோடு வேறு போட்டிருப்பார்.

அவருடைய ஃபேமிலி பிளானில் ஐந்து லைன். ஐந்தில் ஒருவர் மனைவி. மற்ற மூவருக்கும் அவருக்கும் ரத்த உறவு ஏதும் கிடையாது. ஒருவன் பழைய ரூம்மேட், ஒருவன் அந்த ரூம்மேட்டின் மைத்துனன், இன்னொருவன் எங்கிருந்து வந்து சேர்ந்தான் என்பது யாருக்கும் நினைவில்லை. ஆளுக்கு இவ்வளவு என்று மாதாமாதம் பணம் அனுப்பிவிடுவார்கள். அக்கவுண்ட் அண்ணா பெயரில் இருப்பதால் இந்த ஐந்து போன்களின் ஜாதகமும் அவர் கையில். எது எப்போது வாங்கியது, எதற்கு எந்தத் திட்டம், எது இரண்டு முறை உடைந்தது என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார்.

புதிதாக இந்தியாவிலிருந்து வந்து இறங்கிய பையன்கள் யாராவது கடையில் போன் வாங்கக் கிளம்பினால், அண்ணா கூடவே போவார். கவுன்டரில் இருக்கும் இளைஞன், “மாசம் 17 டாலர்தான் சார், எல்லாமே கவர் ஆகும்” என்று ஆரம்பிப்பான். அண்ணாவுக்கு அந்த ‘எல்லாமே’ காதில் விழுந்ததும் முகம் மலர்ந்துவிடும். காத்திருந்த சொல் அதுதான்.

“தம்பி, இதுல இன்சூரன்ஸ் எவ்வளவு, சர்வீஸ் எவ்வளவு?”

இளைஞன் விழிப்பான். அவன்மேல் தப்பில்லை. கைப்பேசிக் காப்பீட்டை விற்கும் கடைகளுக்கென்று அமெரிக்க மாநிலங்கள் பலவற்றில் வரையறுக்கப்பட்ட தனி உரிமம் இருக்கிறது. கடைக்கு அது இருந்தால் போதும், ஊழியர் ஒவ்வொருவரும் ஏஜென்ட் பரீட்சை எழுதத் தேவையில்லை. ஆகவே அண்ணாவே பாடம் நடத்துவார். இந்த 17 டாலர் ஒரே சரக்கல்ல. போன் தொலைந்தாலும் திருடு போனாலும் உடைந்தாலும் ஈடு தருவது இன்சூரன்ஸ். கம்பெனி வாரன்டி முடிந்த பிறகு போன் தானாகப் பழுதானால் பார்ப்பது நீட்டித்த வாரன்டி. போனில் எழுத்தைப் பெரிதாக்கத் தெரியாதவருக்குத் தொலைபேசியில் சொல்லித்தருவதற்கு ஒரு உதவிக்குழு. அதற்கும் மேலே வைரஸ் தடுப்பு மாதிரி சில செயலிகள். பெரிய கம்பெனிகளின் உயர்ந்த திட்டங்கள் அநேகமாக இப்படித்தான் கட்டித் தரப்படுகின்றன. வேண்டாததைக் கழித்துவிட்டு வேண்டியதை மட்டும் வாங்குவதற்குச் சின்னத் திட்டமும் சில கம்பெனிகளில் உண்டு. அதை யாரும் முதலில் எடுத்துக் காட்டுவதில்லை.

“யார்கிட்ட க்ளெய்ம் பண்ணணும்னு நினைக்கிறே?” என்று அடுத்து பையனைக் கேட்பார்.

“வெரைசன்கிட்டதான்ணா.”

“அங்கதான் தப்பு!”

வெரைசன், ஏடி அண்ட் டி இரண்டுக்கும் இந்த வேலையைப் பார்ப்பது அசூரியன் என்ற கம்பெனி. டென்னஸி மாநிலம் நாஷ்வில்லில் இருக்கிறது. டி-மொபைலுக்குப் பார்ப்பது அஷ்யூரன்ட், அது அட்லான்டாவில். இதைச் சொல்லும்போது அண்ணாவின் குரல் கொஞ்சம் தாழும், ஏதோ அரசாங்க ரகசியம் போல. 2019-ல் அசூரியன், ஊருக்கு ஊர் போன் பழுதுபார்க்கும் யூபிரேக்ஐஃபிக்ஸ் கடைகளையும் வாங்கிவிட்டது. ஆகவே ஈட்டுத்தொகையை முடிவு செய்கிறவரும் திரை மாற்றுகிறவரும் ஒரே குடும்பம் என்பதில் அண்ணாவுக்குச் சந்தோஷமா சந்தேகமா என்று கண்டுபிடிக்க முடியாது. இரண்டும் அவருக்கு ஒரே முகபாவம்.

ஆப்பிள் கம்பெனியே தரும் பாதுகாப்புத் திட்டமான ஆப்பிள்கேரின் வரலாற்றை அவர் சொல்லிக் கேட்கவேண்டும். கிரிக்கெட் பைத்தியம் பழைய ஸ்கோரை ஒப்பிக்கிற மாதிரி ஒப்பிப்பார். 2011-ல் ஐபோன் 4எஸ் வந்தபோது ஆப்பிள்கேர் பிளஸ் பிறந்தது: இரண்டு வருஷத்துக்கு 99 டாலர், உடைத்தால் தடவைக்கு 49 டாலர், மொத்தம் இரண்டு தடவைதான். 2018-ல் தொலைந்தாலும் திருடு போனாலும் தருகிற வகை தனியாக வந்தது. 2022-ல் எத்தனை தடவை வேண்டுமானாலும் உடைத்துக்கொள்ளலாம் என்று வரம்பை எடுத்துவிட்டார்கள். இப்போது திரையோ பின்பக்கக் கண்ணாடியோ உடைந்தால் 29 டாலர், வேறு சேதம் என்றால் 99, தொலைந்தால் 149. “2022-ல வரம்பை எடுத்தாங்க பாரு…” என்று நிறுத்தி, கேட்பவர் முகத்தைப் பார்ப்பார். கேட்பவர் அந்நேரம் சாம்பார் ஊற்றிக்கொண்டிருப்பார். அதனால் ஒன்றும் குறைந்துவிடாது.

அண்ணாவின் புலமை முழுதாக வெளிப்பட்டது நயாகராவில்தான்.

ஊரிலிருந்து பெற்றோர் வந்தால் நயாகரா காட்டாமல் அனுப்புவது அமெரிக்கத் தமிழ் வழக்கத்தில் கிடையாது. மூன்று குடும்பமாகக் கிளம்பினார்கள். மெய்ட் ஆஃப் த மிஸ்ட் படகில் ஆளுக்கொரு நீல மழைக்கோட்டு மாட்டிக்கொண்டு குதிரைலாட அருவிக்கு அருகே போனபோது, அந்த ஐந்தாவது லைன் தம்பி தன் அம்மாவை வீடியோ எடுக்கக் கையை நீட்டினான். போன் போய்விட்டது. அம்மா “ஐயோ, போச்சே!” என்றாள். அவன் மனைவி வாயைப் பொத்திக்கொண்டாள். அருவி இரைச்சலையும் மீறி அண்ணாவின் குரல் கேட்டது.

“தம்பி, பதறாதே. போன் தொலைஞ்சதா, உடைஞ்சதா? அதைச் சொல்லு.”

“அண்ணா, தண்ணியில விழுந்துடுச்சுண்ணா!”

“விழுந்ததை நானும் பார்த்தேன். கையில எடுக்க முடிஞ்சா டேமேஜ். எடுக்க முடியலன்னா லாஸ். ரெண்டும் வேற வேற.”

முகத்தில் வழியும் நீரைத் துடைத்தபடி அவர் விளக்கியது அத்தனையும் உண்மை. புதிய ஐபோன்களுக்கு ஐபி68 என்று தண்ணீர் தாங்கும் தரம் ஒன்றை ஆப்பிள் குறிப்பிடுகிறது. ஆறு மீட்டர் ஆழம் வரை, அரை மணி நேரம் என்பது அதற்கு ஆப்பிள் தரும் கணக்கு. அந்த அருவியின் அடியிலோ ஐம்பது மீட்டர் அளவுக்கு ஆழம். சரி, ஆறு மீட்டருக்குள்ளேயே விழுந்து தண்ணீர் புகுந்திருந்தாலும் சாதாரண ஒரு வருஷ வாரன்டியில் நீர்ச்சேதம் சேராது. ஆப்பிள்கேர் பிளஸின் வெறும் உடைசல் வகையை வாங்கியிருந்தால், நூறு சுக்கலானாலும் பரவாயில்லை, ‘உடலை’க் கொண்டுவந்து காட்டு என்பார்கள். தொலைந்ததற்கும் சேர்த்து வாங்கியிருந்தால் 149 டாலரில் காரியம் முடியும். ஆனால் போன் தொலையும்போது, அது இருக்கும் இடத்தைக் காட்டும் ‘ஃபைண்ட் மை’ ஆன் ஆகியிருக்க வேண்டும்.

“ஆன்ல தானே வச்சிருந்தே?”

தம்பி பதில் சொல்லவில்லை.

“ஏங்க, ஆஃப் பண்ணியா வச்சிருந்தீங்க?” என்று மனைவி கேட்டாள். “எதுக்கு?”

அந்த இடத்தில் விஷயம் இன்சூரன்ஸை விட்டுக் குடும்ப எல்லைக்குள் போய்விட்டது. மாமியார் அருவியைப் பார்க்கிறவளாகத் திரும்பிக்கொண்டாள். அண்ணா மட்டும் நிலைமை புரியாமல், “லொகேஷன் தெரியக்கூடாதுன்னு நிறையப் பேர் ஆஃப் பண்ணிடறாங்க, அது பெரிய தப்பு” என்று தொடர்ந்து பேசிக்கொண்டிருந்தார். நல்லவேளையாக அவன் போட்டிருந்தது போன் கம்பெனியின் திட்டம். அதில் தொலைந்தாலும் ஈடு உண்டு. டிடக்டபிள், அதாவது நம் கையிலிருந்து கட்டவேண்டிய பங்கு, இருநூற்றுச் சொச்சம் டாலர். அன்றிரவு ஹோட்டலில் உட்கார்ந்து அண்ணாவே ஆன்லைனில் க்ளெய்ம் போட்டுக் கொடுத்தார். மாற்றுப் போன் பெரும்பாலும் மறுநாளே அனுப்பிவிடுவார்கள்; அதுவும் வந்து சேர்ந்தது. மனைவி போட்ட கேள்வி மட்டும் இன்னும் பரிசீலனையில் இருப்பதாகக் கேள்வி.

வந்த போன் கறுப்பு, தொலைந்தது நீலம். தம்பி முகம் சுருங்கியது. அண்ணா கையேட்டைப் புரட்டி, அதே வகை, அதே தரம் என்றுதான் வாக்குறுதி, நிறத்துக்கு உத்தரவாதம் இல்லை, புதுசுதான் தருவோம் என்றும் சொல்லவில்லை, பழுதுபார்த்துப் புதுப்பித்த போனும் வரலாம் என்று பென்சில் கோட்டின்மேல் விரலை ஓட்டிக் காட்டினார். ஒன்றை இங்கே அவருக்காகச் சொல்லவேண்டும்: அந்த வரியைப் படிக்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டு, பிறகு ஏமாந்துவிட்டோம் என்று புலம்புகிறவர்களைவிட இந்த மனிதர் எவ்வளவோ மேல். கொஞ்சம் அலுப்பூட்டுவார், அவ்வளவுதான்.

உடைந்த போனுக்கு மாற்று வாங்கினால் உடைந்ததைத் திருப்பி அனுப்பவேண்டும். அதற்கு உறை அவர்களே தருவார்கள். உறையில் போடுமுன் ‘ஃபைண்ட் மை’யை ஆஃப் செய்யவேண்டும், செய்யாமலோ, அனுப்பாமலோ விட்டால் நூற்றுக்கணக்கான டாலர் பில்லில் ஏறும். தொலைப்பதற்கு ஆன், உடைப்பதற்கு ஆஃப். இதை அண்ணா வாட்ஸ்அப் குழுவில் பொங்கல் வாழ்த்துக்கு அடியிலேயே ஒரு வருஷம் போட்டிருந்தார். உறையைத் தபாலில் சேர்க்கும்போது ரசீது வாங்கி, ரசீதைப் படம் எடுத்து, அந்தப் படத்தைத் தனக்கே மெயிலும் செய்துகொள்வார்.

அவரைத் தோற்கடித்த பகுதி ஒன்றும் இருக்கிறது: கிரெடிட் கார்டு. வெல்ஸ் ஃபார்கோ போன்ற வங்கிகளின் சில கார்டுகளில் மாத போன் பில்லைக் கட்டினால் போனுக்கு இலவசப் பாதுகாப்பு உண்டு. 600 டாலர் வரை, டிடக்டபிள் 25 டாலர். இதைப் படித்த அன்று அண்ணா தூங்கவில்லை. மாசம் 17 டாலர் மிச்சம்! பிறகு அடுத்த பக்கத்தைப் படித்தார். திருட்டுக்கும் சேதத்துக்கும் உண்டு. தொலைந்தாலோ, ‘மாயமாய் மறைந்தாலோ’ கிடையாது. அதற்கும் மேலே, பல கம்பெனிகளில் பில் மாதாமாதம் தானாகக் கட்டப்படுவதற்குத் தரும் தள்ளுபடி முழுசாக வேண்டுமானால் பில்லை வங்கிக் கணக்கிலிருந்தோ டெபிட் கார்டிலிருந்தோ கட்டவேண்டும். டி-மொபைல் 2023-ல் அப்படி மாற்றிவிட்டது. லைனுக்கு 5 டாலர். ஐந்து லைனுக்கு மாதம் 25 டாலர் தள்ளுபடியை இழந்து இலவசப் பாதுகாப்பு வாங்குவதா? இதற்கென்று ஒரு எக்செல் தாள் தயாரானது. அது இன்னும் முடியவில்லை.

இந்தியாவுக்குக் கிளம்புகிற யாரையும் அவர் எச்சரிக்காமல் விடமாட்டார். தி.நகர் கூட்டத்தில் போன் போனாலும் க்ளெய்ம் போடலாம், ஆனால் மாற்றுப் போன் அமெரிக்க முகவரிக்குத்தான் வரும். “ரங்கநாதன் தெருவில நின்னுக்கிட்டு எடிசன் அட்ரஸ் குடுப்பியா?” விமான நிலையத்துக்குக் கொண்டுவிடும் வழியெல்லாம் இதுதான் பேச்சு.

இவ்வளவு சொல்லியும் ஊருக்குள் யாரும் கேட்காத கேள்வி ஒன்று உண்டு. அண்ணா தன் சொந்த போனுக்கு எத்தனை முறை க்ளெய்ம் செய்திருக்கிறார்? ஒருமுறையும் இல்லை. அவர் போனுக்குத் தடித்த ரப்பர் உறை. அதன்மேல் கண்ணாடித் தகடு. கண்ணாடித் தகட்டுக்கு உபரியாக டிராயரில் இன்னும் இரண்டு. சட்டைப் பையில் வைத்தால் குனியமாட்டார். படகில் எல்லோரும் படம் எடுத்தபோது அவர் போன் காருக்குள் பூட்டிக் கிடந்தது.

போன மாதம் அவர் மனைவிதான் கேட்டாள், சப்பாத்தி மாவு பிசைந்துகொண்டே. “ஏங்க, உங்க போனுக்கு இதுவரைக்கும் எவ்வளவு கட்டியிருப்போம்?”

தவணை 36 மாதம். 36 பெருக்கல் 17. அண்ணா மனக்கணக்கில் புலி. “612 டாலர்.”

“போன் என்ன விலை?”

“799.”

“இப்ப வித்தா?”

அண்ணா அதற்குப் பதில் சொல்லவில்லை. செயலியைத் திறந்தார். திட்டத்தை நீக்கும் பொத்தான் இருக்கவே இருக்கிறது. எப்போது வேண்டுமானாலும் நிறுத்தலாம் என்பது அவருக்குத் தெரியும். விரலும் பொத்தான்மேல் போய்விட்டது. ஆனால் ஒருமுறை நீக்கினால் நினைத்தபோது மறுபடி சேரமுடியாது என்பதும் அவருக்குத் தெரியும். போன் வாங்கி முப்பது நாளுக்குள் சேர்ந்தால் உண்டு. அதை விட்டால் கம்பெனி எப்போதாவது பொதுவில் கதவைத் திறக்கும்வரை காத்திருக்கவேண்டும். விரல் அந்தரத்திலேயே நின்றது. பிறகு செயலியை மூடிவிட்டு, “அடுத்த பில் வரட்டும், பார்க்கலாம்” என்றார்.

“இவ்வளவு கட்டியாச்சு. ஒரு தடவையாவது பலன் கிடைக்கட்டும். நான் வேணா கீழ போடட்டுமா?” என்று மாவுக்கையை நீட்டினாள் மனைவி.

அண்ணா போனைச் சட்டென்று நெஞ்சோடு அணைத்துக்கொண்டார்.

“வேணும்னே போட்டா கவர் ஆகாதுடி. பதினோராம் பக்கம்.”