வாடிக்கைக்கு மணி விற்ற அம்மாள்

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இங்கிலாந்து ஒரு கனவு தேசம். அவரவர் ஊரில் சூரியன் எப்போது உச்சிக்கு வருகிறதோ அதுதான் அந்த ஊருக்குப் பகல் பன்னிரண்டு. லண்டனில் பன்னிரண்டு அடித்துப் பத்து நிமிடம் கழித்துத்தான் பிரிஸ்டலில் அடிக்கும். யாருக்கும் நஷ்டமில்லை. குதிரை வண்டியில் போகிறவன் நிமிட முள்ளைப் பார்த்து என்ன செய்யப் போகிறான்?

ரயில் வந்துதான் தூக்கத்தைக் கெடுத்தது. தேசம் முழுக்க லண்டன் மணிதான் என்றது. பிரிஸ்டல்காரர்களுக்கு ரோஷம். கார்ன் எக்ஸ்சேஞ்ச் கட்டடத்துக் கடிகாரத்தில் லண்டனுக்கு ஒரு நிமிட முள், சொந்த ஊருக்கு ஒரு நிமிட முள் என்று இரண்டை மாட்டிக்கொண்டார்கள். இன்றும் போனால் பார்க்கலாம். லண்டனின் கிரீனிச் வானாய்வுக்கூடத்து மணிதான் நாட்டின் மணி என்று சட்டம் வந்தது 1880-இல்தான்.

சரி, அந்தக் கிரீனிச் மணியை யார் கொண்டுவந்து கொடுப்பது? 1833 முதல் கிரீனிச் வானாய்வுக்கூடத்தின் உச்சியிலிருந்து தினமும் பகல் ஒரு மணிக்குப் பந்து ஒன்றை இறக்கினார்கள். தேம்ஸ் நதியில் நிற்கும் கப்பல்காரர்களுக்கு அது போதும். லண்டன் மூட்டத்தில் நகரத்துக்குள் இருப்பவனுக்குப் பந்து எங்கே, கட்டடமே தெரியாது. ஆகவே கடிகாரக் கடைக்காரர்கள் மலையேறி வந்து கதவைத் தட்டினார்கள். அங்கே 1835-இல் பொறுப்பேற்ற ஜார்ஜ் ஏரி, ஒழுங்குக்குப் பெயர்போனவர். காலிப் பெட்டிகளின் மேல் ‘காலி’ என்று எழுதி ஒட்டவே ஒரு பகல் பொழுதைச் செலவிட்டார் என்று கதை உண்டு. அப்படிப்பட்டவர், “ஐயா, மணி என்ன?” என்று நாள் முழுக்க வந்து நிற்கிறவர்களைப் பொறுப்பாரா?

அவருடைய உதவியாளர் ஜான் ஹென்றி பெல்வில் 1836-இல் ஒரு வழி கண்டார். ஜான் ஆர்னால்ட் என்ற புகழ்பெற்ற கைவினைஞர் செய்த பைக்கடிகாரத்தைக் கிரீனிச்சில் சரிபார்த்துக்கொண்டு, வாரந்தோறும் தானே கடை கடையாகப் போனார். சுமார் 200 வாடிக்கையாளர்கள். பால்காரர் படியில் அளந்து ஊற்றுவதுபோல விநாடிகளை ஊற்றிவிட்டுச் சந்தா வாங்கிக்கொண்டார். அந்தக் கடிகாரம் முதலில் மூன்றாம் ஜார்ஜ் மன்னரின் மகன் சசெக்ஸ் கோமகனுக்காகச் செய்யப்பட்டது என்றும், இவ்வளவு பெரிதாக இருக்கிறதே என்று அவர் வேண்டாம் என்றுவிட்டார் என்றும் சொல்வார்கள். கோமகனின் சட்டைப்பை சிறியதாகப் போனது லண்டன் செய்த புண்ணியம். தங்க உறையோடு தெருவில் அலைந்தால் திருடனுக்கும் மணி தெரிந்துவிடும் என்று உறையை வெள்ளிக்கு மாற்றினார் பெல்வில்.

1856-இல் அவர் காலமானார். மனைவி மரியா கடிகாரத்தை எடுத்துக்கொண்டு கிளம்பினார். 1892-இல் அவர் ஓய்ந்ததும் மகள் ரூத். கடிகாரத்துக்கு ‘ஆர்னால்ட்’ என்றே பெயர். வாரத்துக்கு ஒருமுறை ஆர்னால்டைக் கைப்பையில் போட்டுக்கொண்டு கிரீனிச்சுக்குப் போவார். அங்கே ஆர்னால்டைச் சரிசெய்ய மாட்டார்கள். இத்தனை விநாடி முந்துகிறது, இத்தனை விநாடி பிந்துகிறது என்று சான்றிதழ் மட்டும் தருவார்கள். ரூத் அதை வைத்துக்கொண்டு கடை கடையாய் ஏறி இறங்குவார். பிழை இல்லாத கடிகாரம் என்று அவர் சொல்லவே இல்லை. எவ்வளவு பிழை என்பதைத்தான் காசுக்கு விற்றார். இவ்வளவு நாணயமான வியாபாரம் லண்டனில் வேறு எதுவும் நடந்ததாக எனக்குத் தோன்றவில்லை.

இத்தனைக்கும் 1852-இலிருந்தே கிரீனிச் மணி தந்திக் கம்பியில் ஓடிக்கொண்டிருந்தது. ஸ்டாண்டர்ட் டைம் கம்பெனி என்று ஒன்று அந்தக் கம்பி மணியை விற்றது. அதன் இயக்குநர் செயின்ட் ஜான் வின்னுக்கு ஒரே எரிச்சல்: மின்சாரம் பாயும் காலத்தில், கைப்பையோடு அலையும் ஒரு பெண்மணியிடம் வாடிக்கை போகிறதாவது! 1908-இல் ஒரு கூட்டத்தில் அந்தப் பழைய ஏற்பாட்டைக் கிண்டலடித்தார். ஆணாக இருந்தால் வானாய்வுக்கூடத்தில் இந்தச் சலுகை கிடைத்திருக்குமா என்று ஜாடையும் பேசினார். பேச்சு டைம்ஸ் பத்திரிகையில் வந்தது; அவர் போட்டி வியாபாரி என்பது மட்டும் அதில் வரவில்லை. நிருபர்கள் மோப்பம் பிடித்து ரூத்தின் வீட்டு வாசலுக்கு வந்துவிட்டார்கள். வம்பு கிடைக்குமா என்று வந்தவர்களுக்குக் கிடைத்தது ஐம்பதைக் கடந்த ஓர் அம்மாளும் ஒரு பழைய கடிகாரமும். அதையே எழுதினார்கள். ரூத்துக்கு வியாபாரம் கூடியது. வின் துரை சொந்தக் காசில் சூனியம் வைத்துக்கொண்டார்.

1924-இல் பிபிசி வானொலி ஆறு ‘பிப்’ ஒலிகளில் மணியை இலவசமாக அள்ளி விட்டது. ரூத்தின் நடை நிற்கவில்லை. 1936-இல் தொலைபேசியை எடுத்தால் மணி சொல்லும் சேவை வந்தது. அதற்கும் எதெல் கெய்ன் என்ற பெண்ணின் குரலைத்தான் போட்டி வைத்துத் தேர்ந்தெடுத்தார்கள். ரூத் அப்போதும் போய்க்கொண்டிருந்தார். கம்பியாலும் காற்றலையாலும் முடியாததைக் கடைசியில் ஹிட்லர்தான் செய்தார். குண்டு விழும் தெருக்களில் எண்பத்தைந்து வயதைத் தாண்டியவர் நடப்பது சரிப்படாது என்று 1940-இல் நிறுத்திக்கொண்டார், 1943-இல் காலமானார். ஆர்னால்ட் லண்டன் கடிகாரக் கைவினைஞர் சங்கத்திடம் சேர்ந்தது. ஸ்டாண்டர்ட் டைம் கம்பெனியின் பெயரை இன்றைக்கு யாராவது சொல்கிறார்கள் என்றால், பெரும்பாலும் ரூத்தின் கதையைச் சொல்லும்போதுதான்.