கடிதம் போட்ட தலைவர்கள்

கே: ரோமாபுரிச் சிசரோவைப் போல மேடையிலும் கடிதத்திலும் வெளுத்து வாங்கியவர் நம்மில் உண்டா? — ஒரு வாசகர், பிரிக்ஃபீல்ட்ஸ்

ப: உண்டே, அறிஞர் அண்ணா! 1955 முதல் ‘திராவிட நாடு’ இதழில் ‘தம்பி’ என்று விளித்துத் தொண்டர்களுக்குக் கடிதங்கள் எழுதித் தள்ளினார். அச்சுக்கென்றே எழுதியவை, தம்பிக்கு வந்த கடிதத்தை ஊரே பிரித்துப் படித்தது. சிசரோ நண்பர் அட்டிகஸுக்கு அந்தரங்கமாக எழுதினார்: கடன் கவலை, தற்பெருமை, யார் பக்கம் சாய்வது என்ற ஊசலாட்டம், எல்லாமே. 1345இல் வெரோனாவில் அவற்றைக் கண்டெடுத்த இத்தாலியக் கவிஞர் பெத்ரார்க், ‘நம் மகானா இப்படிப் புலம்புகிறார்!’ என நொந்துபோனார். செத்து 1,300 ஆண்டுக்கு மேலானவருக்கே கண்டித்துக் கடிதம் எழுதினார்! (முத்திரைச் செலவு மிச்சம்.) என்னைக் கேட்டால், அந்தப் புலம்பலில்தான் சிசரோ மனிதராகத் தெரிகிறார். அண்ணாவுக்கோ, கடிதம் எழுதும்போதும் எதிரே கூட்டம் உட்கார்ந்திருக்கிறது.

கே: அப்படியானால் நம் துன் சம்பந்தனை மலேசியாவின் சிசரோ எனலாமா? — இன்னொரு வாசகர், கிள்ளான்

ப: வேண்டாம், துன் கோபித்துக்கொள்வார். முதலாளிகள் தோட்டங்களைத் துண்டுபோட்டு விற்ற காலத்தில், 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி, பால்மரம் சீவியவர்களையே பங்குதாரர்களாக்கித் தோட்டம் வாங்க வைத்தவர் அவர். சிசரோவோ கி.மு. 63இல் கான்சல் என்ற ரோமின் உச்ச ஆட்சிப் பதவியை ஏற்றதும் முழங்கிய முதல் உரைகளே, ஏழைகளுக்கு நிலம் பங்கிடும் மசோதாவை எதிர்த்துத்தான்!