பொள்ளாச்சி மண்ணும் மெக்சிகோ கோதுமையும்

கேள்வி: சிறையில் 27 ஆண்டுகள் கிடந்த மண்டேலா 1994-ல் ஜனாதிபதி ஆனார். ‘சிறையிலிருந்து செங்கோலுக்கு’ என்று சொல்ல நம் கொங்கு நாட்டில் யாராவது உண்டா? (வாசகர், கோவை)

பதில்: இருக்கிறார். பொள்ளாச்சிக்குப் பக்கம் செங்குட்டைப்பாளையத்து விவசாயக் குடும்பத்தில் 1910-ல் பிறந்த சி.சுப்பிரமணியம். 1932-லும் 1942-லும் சிறை கண்டவர். ஜனாதிபதி ஆகவில்லைதான். ஆனால் சிறைச்சோறு தின்றவர், நாட்டுக்கே சோறு போடும் இலாகாவுக்கு 1964-ல் அமைச்சரானார்!

அப்போது அமெரிக்கக் கப்பல் வந்தால்தான் பல வீடுகளில் உலை கொதிக்கும். மெக்சிகோவின் குட்டைக் கோதுமை நம் மண்ணில் விளையாது என்று டெல்லியில் பலர் தலையாட்டினார்கள். இவர் வாதம் செய்துகொண்டிருக்கவில்லை. தன் அரசு பங்களாவின் புல்வெளியையே உழுது கோதுமை விதைத்தார். கொங்கு விவசாயியிடம் போய் வெறும் தரையைக் காட்டினால் வேறென்ன செய்வார்? 1966-ல் 18,000 டன் விதை கப்பலேறி வந்தது.

அடுத்த ஆண்டுத் தேர்தலில் கோபிசெட்டிபாளையம் அவரைத் தோற்கடித்தது. எனக்கு இன்றும் மனசு கேட்காத இடம் இது. 1968-ல் ஒன்றரைக் கோடி டன்னையும் தாண்டிக் கோதுமை குவிந்தபோது, விதைத்தவர் பதவியில் இல்லை.

மண்டேலாவுக்கு 1990-ல் நாம் தந்த பாரத ரத்னா, சி.சுப்பிரமணியத்துக்கு 1998-ல் கிடைத்தது. அப்போது அவருக்கு வயது 88.