கஸ்மாலத்தின் பூர்வீகம்

பக்கத்து வீட்டுப் பெரியவர் இலக்கணப் பிரியர். ஆட்டோக்காரர் யாரையோ ‘கஸ்மாலம்’ என்றதும் காதைப் பொத்திக்கொண்டார். மெட்ராஸ் பாஷை தமிழைக் கெடுத்துவிட்டதாம். அந்தச் சொல்லின் பூர்வீகத்தை அவரிடம் சொல்ல எனக்குத் துணிவில்லை. சமஸ்கிருதத்துக் கஸ்மலம் அது. அழுக்கு, மனக்கலக்கம் என்று பொருள். பகவத் கீதையின் 2ஆம் அத்தியாயத்தில், சோர்ந்துபோன அர்ஜுனனைக் கடிந்துகொள்ளக் கண்ணன் எடுப்பதும் இதே சொல்லைத்தான். (அவரும் வண்டி ஓட்டியவர்தானே!)

வட்டாரச் சொற்களைத் திசைச்சொல் என்று பெயரிட்டு, செய்யுளுக்கே ஆகும் என்று சேர்த்துக்கொண்டவர் தொல்காப்பியர். பெரியவர் வீட்டு அலமாரியில் கண்ணாடிக்குள் பத்திரமாக இருக்கிறார்.

ஆட்டோவிலிருந்து இறங்கும்போது பெரியவர் குரல் கேட்டது: “இன்னாப்பா, மீட்டருக்கு மேல கேக்குறே?”