வசவு என்னும் ஒன்பதாம் மெய்ப்பாடு

தொல்காப்பியர் பொருளதிகாரத்தில் நகை, அழுகை, இளிவரல் எனத் தொடங்கி மெய்ப்பாடுகளை எட்டோடு நிறுத்திக்கொண்டமைக்கு அக்காலத்தில் இரவு ஒன்பது மணித் தொடர்கள் இல்லாதிருந்ததே காரணம் என்பதும், இருந்திருப்பின், வில்லனை வாயாரச் சபித்துக்கொண்டே அவன் முகத்தினின்று கண்ணை அகற்றாதிருக்கும் நிலையாகிய வசவினை ஒன்பதாவதாகச் சேர்த்திருப்பார் என்பதும் இவ்வாராய்ச்சியின் துணிபு.

வசவு வெகுளியுள் அடங்குமே என்று ஆக்ஷேபிப்போர் உளர். அடங்காது. வெகுண்டவர் அவ்விடம் விட்டு எழுந்துபோவது லோக சுபாவம். தொடர் பார்ப்போரோ விளம்பர இடைவேளையில் அடுப்பைத் தணித்துவிட்டு ஓடோடி வந்து, விட்ட இடத்திலிருந்து வைகின்றனர்.

பிரமாணம் வேண்டுவோர் திருச்செல்வம் இயக்கிய இரு தொடர்களை நோக்குக. 2003 முதல் 2009 வரை 1,500 பகுதிகளுக்கு மேல் ஓடிய 'கோலங்க'ளில் நாயகி அபியைப் படாதபாடு படுத்தியவன் ஆதி. (அத்தொடரில் இயக்குநரே தொல்காப்பியன் என்னும் பாத்திரமாக வந்தது நம் துணிபுக்குத் தெய்வ சம்மதம் என்றே கொள்கிறோம்.) பின்னர் வந்த 'எதிர்நீச்ச'லில் வீட்டுப் பெண்களை அதட்டியே ஆண்ட ஆதி குணசேகரனுக்கு ஊர் அளித்த வசவுக்குக் கணக்கில்லை, எனினும் அவ்வேடம் தாங்கிய மாரிமுத்து 2023 செப்டம்பரில் காலமானபோது, வைத வாய்களே விம்மின. வேல ராமமூர்த்தி அவ்வேடத்தை ஏற்ற பின்னர், "என்ன இருந்தாலும் அவரு அதட்டுற மாதிரி வருமா?" என்று குறைப்பட்டவர்களும் அவர்களே.

அபிப்பிராயப் பரிவர்த்தனை மறுநாட் காலையில், கீரைக்கூடை இறங்கும் வாசற்படியில் நிகழும். "நேத்து பாத்தீங்களாக்கா, அந்தப் பாவி செஞ்ச காரியத்த?" என்பது மங்கல வாழ்த்து. பார்க்கத் தவறியவருக்குக் கதை சொல்லப்படுமாயினும், சொல்பவரின் தீர்ப்பு முதலிலும் சம்பவம் பிறகுமாக வருவதே மரபு.

இவ்வளவு வசவும் எங்கே போய்ச் சேர்கிறது? பார்வையாளரை அளக்கும் 'பார்க்' அமைப்பு சில இல்லங்களில் பொருத்தியுள்ள கருவி, தொலைக்காட்சியின் ஒலியில் செவிக்குப் புலனாகாதவாறு பொதிந்த குறியைக் கொண்டு அலைவரிசையை அறிவதன்றி, எதிரே பாயில் அமர்ந்து ஒருவர் விடும் சாபத்தைக் கேட்பதில்லை. அதன் சந்நிதியில் ஸ்துதியும் நிந்தையும் சமம். ஆகவே வைபவர் பெருகப் பெருக வில்லனுக்கு ஆயுள் விருத்தியே.

இந்த சூக்ஷ்மத்தை விளக்கி, அவனைத் தண்டிக்க ஒரே மார்க்கம் அலைவரிசையை மாற்றுவதுதான் என்று எங்கள் அத்தையிடம் விண்ணப்பித்தபோது, ரிமோட்டை மடிக்குள் நகர்த்திக்கொண்டு அவர் கேட்டார்: "மாத்திட்டா, அவன் நாசமாப் போறத யாருடா பாக்குறது?"