ஒரு சீட்டுக்காக ஒரு நாடு

‘ஒரே நாளில் நான்கு நாடுகள்!’ என்று விளம்பரம் செய்கிறார்கள். காலையில் ஜூரிச்சில் எட்டுப் பேரை ஒரு வேனில் ஏற்றி, சுவிட்சர்லாந்து, ஜெர்மனி, ஆஸ்திரியா, லீக்டன்ஸ்டைன் நான்கையும் சுற்றிக் காட்டிவிட்டு, ராத்திரிச் சாப்பாட்டுக்கு அதே ஜூரிச்சில் இறக்கி விடுவார்கள். நாலுக்கும் சேர்த்து ஒரே ஷெங்கன் விசா போதும். இருபது வருஷத்துக்கு மேல் ஊர் ஊராக அலைந்த இபின் பதூதா இதைக் கேட்டிருந்தால், பாவம், ஓரமாகப் போய் அழுதிருப்பார்!

வேனில் மைக் பிடித்து வரும் கைடு நல்ல மனிதர். கோபுரத்தின் உயரம், ஏரியின் ஆழம் என்று எல்லாம் சொல்வார். ஒரு கேள்விக்குள் மட்டும் நுழைய மாட்டார். இப்படித் தூங்கி விழிப்பதற்குள் தேசம் மாறுகிற மாதிரி கோடு போட்டது யார்? பெரிய மேதைகள் என்று நினைத்துவிடாதீர்கள். கடன்காரர்கள், கோபக்காரர்கள், நாற்காலிக்கு ஆலாய்ப் பறந்தவர்கள். இன்றைய டூரில் நமக்கு அவர்கள்தான் முக்கியம்.

முதல் ஸ்டாப், ரைன் அருவி. அகலம் 150 மீட்டர், உயரம் 23 மீட்டர். நயாகராவைப் பார்த்துவிட்டு வந்தவர்கள் வாயை மூடிக்கொண்டு செல்ஃபி எடுக்கவும். ஏனென்றால் நம் கதை அருவியில் இல்லை, அதற்குப் பக்கத்து ஊரில் இருக்கிறது.

ஊரின் பெயர் பியூசிங்கன். ஜெர்மனிக்குச் சொந்தமான கிராமம். ஆனால் எந்தப் பக்கம் நடந்தாலும் சுவிட்சர்லாந்தில்தான் போய் நிற்பீர்கள். ஜெர்மனி மேப்பிலிருந்து கத்தரித்து இங்கே ஒட்டிவிட்டார்களோ என்று தோன்றும். காரணம், ஒரு பங்காளிச் சண்டை!

இந்த ஊருக்குப் பிரபுவாக இருந்தவர் எபர்ஹார்ட் இம் தூர்ன். மத விஷயத்தில் அவருக்கும் சொந்தக்காரர்களுக்கும் ஆகவில்லை. 1693-ல் அந்தச் சொந்தக்காரர்களே அவரைக் கடத்திக்கொண்டு போய், பக்கத்துச் சுவிஸ் ஊரான ஷாஃப்ஹவுசன் நகரத்தாரிடம் ஒப்படைத்துவிட்டார்கள். அவர்களும் பிடித்து ஆறு வருஷம் உள்ளே வைத்துவிட்டார்கள். அந்தப் பகுதிக்கு மேலதிகாரம் ஆஸ்திரியாவுடையது. ‘என் ஆளையா தூக்கினாய்?’ என்று ஆஸ்திரியாவுக்கு வந்ததே கோபம்! பிற்பாடு சுற்றியிருந்த கிராமங்களின் உரிமைகளையெல்லாம் விற்றுக் காசாக்கியபோதும், பியூசிங்கனை மட்டும் விற்க மாட்டேன் என்று பிடிவாதம் பிடித்தது. ராணுவ முக்கியத்துவமா, தங்கச் சுரங்கமா? ஒன்றும் கிடையாது. ஷாஃப்ஹவுசனைக் கடுப்பேற்ற வேண்டும், அவ்வளவுதான்.

பியூசிங்கன் பிற்பாடு ஆஸ்திரியாவிடமிருந்து ஜெர்மனி பக்கம் போய்விட்டது, ஆனாலும் அந்தக் கடுப்பு இன்றும் உயிரோடு இருக்கிறது. ஊருக்கு ஜெர்மன் பின்கோடு ஒன்று, சுவிஸ் பின்கோடு ஒன்று. கடையில் பெரும்பாலும் புழங்குவது சுவிஸ் ஃபிராங்க். உள்ளூர் ஃபுட்பால் கிளப் ஆடுவது சுவிஸ் லீக்கில். முதல் உலகப் போர் முடிந்ததும் ஓட்டு எடுத்தார்கள். 96 சதவீதம் பேர் ‘நாங்கள் சுவிட்சர்லாந்துக்கே போய்விடுகிறோம்’ என்றார்கள். பதிலுக்கு ஜெர்மனிக்கு எதைக் கொடுப்பது என்பதில் பேரம் படியவில்லை. சண்டை போட்டவர்கள் மண்ணாகி முந்நூறு வருஷம் ஆகிறது, தபால்காரர் இன்னும் அனுபவிக்கிறார்!

அடுத்து ஜெர்மனியின் கான்ஸ்டன்ஸ். அமைதியான ஏரிக்கரை ஊர். அறுநூறு வருஷத்துக்கு முன்னால் இங்கே வந்திருந்தால் தங்க ரூம் கிடைத்திருக்காது. ஐரோப்பாவே மூட்டை கட்டிக்கொண்டு இங்கே வந்து இறங்கியிருந்தது. விவாதப் பொருள்: ‘நம் போப் யார்?’

ஏற்கெனவே ரோமில் ஒரு போப், அவிஞ்ஞோனில் ஒரு போப். இந்தத் தகராறைத் தீர்க்க 1409-ல் பீசா நகரத்தில் கூடிய பெரியவர்கள், இருவரையும் நீக்கிவிட்டுப் புதிதாக ஒருவரைத் தேர்ந்தெடுத்தார்கள். நல்ல தீர்வுதான். நீக்கப்பட்ட இருவரும் நகரவில்லை என்பது மட்டும்தான் குறை. ஆக இரண்டு போப் மூன்று போப் ஆனார்கள். கமிட்டி போட்டால் பிரச்னை வளரும் என்பது அப்போதே நிரூபணம் ஆகிவிட்டது.

1414-ல் மன்னர் சிகிஸ்மண்டின் நெருக்கடியில் கான்ஸ்டன்ஸில் மகாசபை கூடியது. மூவரில் ஒருவரான இருபத்து மூன்றாம் ஜான் நேரிலேயே வந்தார். மற்ற இருவரையும் விரட்டிவிட்டு நமக்கு மாலை போடுவார்கள் என்று நம்பிக்கை. வரும் வழியில் மலைக் கணவாயில் வண்டி கவிழ்ந்து பனியில் விழுந்தார். சகுனம் சரியில்லை என்று அப்போதே திரும்பியிருக்கலாம், கேட்டால்தானே! வந்த பிறகுதான் தெரிந்தது, ‘மூன்று பேருமே கிளம்புங்கள்’ என்பதுதான் சபையின் மனநிலை.

1415 மார்ச் மாதம். ஊரே வீரர்களின் போட்டி விளையாட்டை வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்த நேரம். போப் குதிரைக்காரன் வேஷம் போட்டுக்கொண்டு நைஸாக ஊரைவிட்டு நழுவிவிட்டார். பிடித்து வந்து பதவியைப் பறித்தார்கள். அதோடு விட்டதா? 1958-ல் வேறொருவர் போப் ஆகி, அதே ‘இருபத்து மூன்றாம் ஜான்’ என்ற பெயரை, நம்பர் உட்பட, எடுத்துக்கொண்டார். பழையவர் கணக்கிலேயே சேர்த்தி இல்லையாம்!

ரோம் போப் கௌரவமாக ராஜினாமா செய்தார். மூன்றாமவரான பதின்மூன்றாம் பெனடிக்ட் கடைசிவரை மசியவில்லை. ஸ்பெயினில் கடலோரக் கோட்டை ஒன்றில் உட்கார்ந்துகொண்டு, 1423-ல் சாகும்வரை ‘நான்தான் போப்’ என்று சொல்லிக்கொண்டிருந்தார். அவர் பேச்சைக் கேட்கத்தான் ஆள் இல்லை.

இந்தக் கூத்துக்கு நடுவே சிரிக்க முடியாத ஒன்றும் நடந்தது. சீர்திருத்தம் பேசிய யான் ஹுஸ்ஸுக்கு, பத்திரமாக வந்து போகலாம் என்று சிகிஸ்மண்ட் உறுதிக் கடிதம் கொடுத்திருந்தார். நம்பி வந்தவரை 1415 ஜூலை 6 அன்று இதே ஊரில் உயிரோடு எரித்தார்கள். இத்தனை பெரிய மனிதர்கள் வந்துபோன ஊரின் துறைமுகத்தில் இன்று யாருக்குச் சிலை தெரியுமா? 1993-ல் வைத்த 9 மீட்டர் உயரப் பெண் சிலை. அவள் ஒரு தாசி. ஒரு கையில் போப்பின் மகுடத்தோடும் மறு கையில் மன்னனின் கிரீடத்தோடும் இரண்டு குட்டி நிர்வாண உருவங்களைத் தூக்கிக்கொண்டு மெதுவாகச் சுழல்கிறாள். சபையின் தீர்ப்பைவிட இந்தத் தீர்ப்பு நறுக்கென்று இருக்கிறது.

வேன் ஏரிக்கரையோடு ஃபிரீட்ரிஷ்ஹாஃபனுக்குப் போகிறது. இங்கே ஒருவர் தோற்றுத் தோற்றே பெரிய ஆள் ஆனார். கவுண்ட் ஃபெர்டினாண்ட் ஃபான் செப்பெலின். ராணுவத்தில் ஓரங்கட்டி வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். வயசான காலத்தில் மனிதர் ஆகாயக் கப்பல் கட்டக் கிளம்பினார். 1900 ஜூலை 2 அன்று இந்த ஏரிக்கு மேலே 128 மீட்டர் நீளச் சுருட்டு ஒன்று பறந்தது. மொத்தம் பதினெட்டு நிமிஷம்! கம்பெனியில் காசு தீர்ந்து கப்பலைப் பிரித்துப் போட்டார்கள். 1906-ல் இரண்டாவது கப்பலைப் புயல் தின்றது. 1908-ல் நாலாவது கப்பல் ஜனங்கள் கண்ணெதிரே எரிந்து சாம்பலானது.

இப்போது ஜனங்கள் என்ன செய்திருக்க வேண்டும்? தலையில் அடித்துக்கொண்டு வீட்டுக்குப் போயிருக்க வேண்டும். ஜெர்மானியர்கள் பணம் அனுப்பினார்கள்! சில வாரங்களில் 60 லட்சம் மார்க்குக்கு மேல் குவிந்தது. நஷ்டக் கணக்கைக் காட்டி முதலீடு வாங்குவதைத் தற்கால ஸ்டார்ட்அப் பையன்கள் கண்டுபிடித்ததாக யாரும் பீற்ற வேண்டாம். தாத்தா அப்போதே செய்துவிட்டார்.

ஜன்னல் வழியே ஏரியைப் பாருங்கள். கரையில் மூன்று நாடுகள். ஏரியின் பெரிய பகுதியில் எல்லை எது? சுவிட்சர்லாந்து ‘நடுக்கோடுதான் எல்லை’ என்கிறது. ஆஸ்திரியா ‘தண்ணீர் மூவருக்கும் பொது’ என்கிறது. ஜெர்மனி எதற்கும் பிடி கொடுக்கவில்லை. இன்றுவரை ஒப்பந்தம் இல்லை. ஒரு கிராமத்தை வைத்து அத்தனை வருஷம் முறைத்துக்கொண்டவர்கள், ஒரு ஏரியை அப்படியே விட்டுவிட்டு மீன் பிடித்துக்கொண்டிருக்கிறார்கள்!

ஆஸ்திரியாவின் பிரெகன்ஸ். ஃபோரார்ல்பெர்க் மாகாணத்தின் தலைநகரம். ஆஸ்திரியப் பேரரசு நொறுங்கி, சோற்றுக்கே திண்டாட்டமானபோது, 1919-ல் இந்த மாகாணமும் ஓட்டு எடுத்தது. சுமார் 80 சதவீதம் பேர் சுவிட்சர்லாந்தோடு பேச்சு நடத்தச் சொன்னார்கள். சுவிஸ்காரர்களோ, நல்ல வேலையில் இருக்கும் மாப்பிள்ளை வீட்டார் மாதிரி யோசித்தார்கள். இவர்கள் வந்தால் வீட்டில் கத்தோலிக்கர்கள் கூடிவிடுவார்கள், ஜெர்மன் பேசுபவர்கள் கூடிவிடுவார்கள். ‘ஜாதகம் பொருந்தவில்லை’ என்று கைவிரித்துவிட்டார்கள்.

கடைசியாக லீக்டன்ஸ்டைன். வெறும் 160 சதுர கிலோமீட்டர். இங்கேதான் நம் கதாநாயகன் வருகிறார்.

வியன்னாவில் யோஹான் ஆதாம் என்று ஒரு பிரபு. லீக்டன்ஸ்டைன் குடும்பம். ‘பணக்கார’ என்பது அவருடைய பட்டப்பெயர். மாளிகைகள், ஓவியங்கள், மொராவியாவில் கண்ணுக்கு எட்டிய வரை நிலம். இல்லாத ஒன்று, அன்றைய புனித ரோமப் பேரரசின் இளவரசர் சபையில் ஒரு சீட்டு. அதற்கு, நடுவில் வேறு எஜமான் இல்லாமல் நேராகச் சக்கரவர்த்திக்குக் கட்டுப்பட்ட நிலம் வேண்டும். இவர் நிலமெல்லாம் ஆஸ்திரியாவை ஆண்ட ஹாப்ஸ்பர்க் குடும்பத்தின் கீழே வந்தது. எம்.எல்.ஏ. சீட்டுக்குக் கோடிகளைக் கொட்டுகிறார்கள் என்று நாம் அங்கலாய்க்கிறோம். அந்த மனிதர் சீட்டுக்காகத் தேசமே வாங்கினார்!

கழுத்துவரை கடனில் இருந்த ஹோஹெனெம்ஸ் பிரபுக்கள் கையில் சரக்கு இருந்தது. 1699-ல் ஷெல்லன்பெர்க், விலை 1,15,000 கில்டர். அது போதவில்லை. 1712-ல் வாடூஸ், 2,90,000 கில்டர். பத்திரம் முடிந்த அதே வருஷம் யோஹான் ஆதாம் செத்துப்போனார். 1719-ல் சக்கரவர்த்தி இரண்டையும் சேர்த்து, குடும்பப் பெயரையே ஊருக்கு வைத்து, தனிச் சமஸ்தானம் ஆக்கினார். சீட்டும் வந்தது. வாங்கியவர்தான் இல்லை.

1806-ல் நெப்போலியன் தயவில் அந்தப் பேரரசே கலைந்தது. சபை போச்சு, சீட்டு போச்சு. நிலம் மட்டும் மிஞ்சியது, அதுவும் சுதந்திர நாடாக! நெப்போலியன் இதைத் தன் கூட்டணியில் சேர்த்துக்கொண்டான். ஆண்டுகொண்டிருந்த முதலாம் யோஹானோ ஆஸ்திரியத் தளபதி. அந்நிய சேவையில் இருப்பவர் ஆளக் கூடாது என்று விதி வந்ததும், பட்டத்தை மூன்று வயது மகனுக்கு மாற்றி எழுதிவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டார்.

ராணுவமும் வைத்திருந்தார்கள். 1866 போருக்கு 80 பேரை அனுப்பினார்கள். ஆல்ப்ஸில் ஒரு கணவாயைக் காவல் காத்தார்கள், எதிரி வரவில்லை. திரும்பி வந்தபோது 81 பேர் இருந்தார்கள் என்று ஊரே சொல்கிறது. வழியில் ஒரு சிநேகிதர் சேர்ந்துகொண்டாராம்! 1868-ல் ராணுவத்தைக் கலைத்துவிட்டார்கள். 2007-ல் பயிற்சியில் இருந்த சுமார் 170 சுவிஸ் வீரர்கள் இருட்டில் வழிதவறி இந்த நாட்டுக்குள் நுழைந்துவிட்டார்கள். படையெடுப்பு நடந்த விஷயமே, சுவிஸ்காரர்கள் போன் செய்து வருத்தம் தெரிவித்த பிறகுதான் லீக்டன்ஸ்டைனுக்குத் தெரிந்தது.

இன்னொன்று. 1936 பெர்லின் ஒலிம்பிக்ஸுக்குப் போன இடத்தில்தான் தங்கள் கொடியும் ஹைட்டியின் கொடியும் ஒன்றே என்று தெரியவந்தது. அடுத்த வருஷம் மூலையில் ஒரு கிரீடத்தை வரைந்து சமாளித்தார்கள்.

வாடூஸில் உங்களுக்குக் கிடைப்பது சுமார் முக்கால் மணி நேரம். எல்லையில் வழக்கமாகப் பாஸ்போர்ட் சோதனை கிடையாது. ஆசைப்பட்டால் டூரிஸ்ட் ஆபீஸில் காசு கொடுத்துப் பாஸ்போர்ட்டில் முத்திரை வாங்கிக்கொள்ளலாம். ஊருக்குத் திரும்பினால், ‘இதெல்லாம் ஒரு நாட்டைப் பார்ப்பதா?’ என்று யாராவது கேலி செய்வார்கள். கவலைப்படாதீர்கள். இந்த நாட்டை ஆண்ட இளவரசர்களில், ஆட்சியில் இருக்கும்போதே முதன்முதலாக நேரில் வந்து எட்டிப் பார்த்தவர் இரண்டாம் அலாய்ஸ், அதுவும் 1842-ல். அதற்கு முன் நூற்றிருபது வருஷத்துக்கு மேல் ஆண்ட அத்தனை பேரும் வியன்னாவில் உட்கார்ந்தே ஆண்டு முடித்தவர்கள். அந்த அரசர்களைவிட நீங்கள் முக்கால் மணி நேரம் அதிகமாகவே பார்த்திருக்கிறீர்கள். தைரியமாகப் பீற்றிக்கொள்ளலாம்.